படியேறிய உரிமை – 9: ஒரு கையெழுத்துக்கு நான்கு ஆண்டுகள்

சென்ற இதழில் எட் ராபர்ட்ஸை பெர்க்கிலியில் விட்டு வந்தோம். இரும்பு நுரையீரலோடு பல்கலைக்கழகத்துக்குள் நுழைந்தவர், 1972இல் நண்பர்களோடு சேர்ந்து அங்கே சுயசார்பு வாழ்வு மையத்தைத் தொடங்கினார். அதே ஆண்டு, நாட்டின் மறுகோடியில், நியூயார்க்கின் மேடிசன் அவென்யூவில் மாலை நேரப் போக்குவரத்து ஸ்தம்பித்து நின்றது. சாலையின் குறுக்கே சக்கர நாற்காலிகள். ஊன்றுகோலோடு சிலர். அதிபர் நிக்சனின் தேர்தல் அலுவலகம் இருந்த தெரு அது. மாற்றுத்திறனாளிகளின் மறுவாழ்வுக்கான மசோதாவை அவர் நிராகரித்துத் திருப்பி அனுப்பியிருந்தார். அதற்குத்தான் இந்த மறியல். முன்னின்று நடத்தியவருக்கு 24 வயது. பெயர் ஜூடி ஹியூமன்.

இந்த வாரம் ஜூடியின் கதை. கூடவே 504 என்ற எண் கொண்ட ஒரு சட்டப் பிரிவின் கதையும். ஒன்றை விட்டுவிட்டு மற்றதைச் சொல்ல வழியில்லை.

ஜூடி 1947 டிசம்பர் 18 அன்று ஃபிலடெல்ஃபியாவில் பிறந்தார். வளர்ந்தது நியூயார்க்கின் புரூக்ளினில். அப்பா வெர்னர் அங்கே இறைச்சிக் கடை வைத்திருந்தார். அம்மா பெயர் இல்ஸே. இருவரும் ஜெர்மனியிலிருந்து 1930களில் தனித்தனியே அமெரிக்காவுக்கு அனுப்பப்பட்ட யூதப் பிள்ளைகள். அங்கேயே தங்கிவிட்ட உறவுகளை நாஜிகளுக்குப் பலி கொடுத்தவர்கள். 1949இல், ஒன்றரை வயதில், ஜூடியைப் போலியோ தாக்கியது. கால்கள் செயலிழந்தன, கைகளும் பலம் குறைந்தன. குழந்தையை ஒரு விடுதியில் சேர்த்துவிடுங்கள் என்றார் மருத்துவர். கெட்ட எண்ணத்தில் சொன்னதில்லை; அந்தக் காலத்தில் மருத்துவர்கள் வழக்கமாகச் சொன்னதுதான்.

வெர்னரும் இல்ஸேயும் கேட்கவில்லை. அவர்கள் பிறந்த நாட்டில், 1939இலிருந்து, ஊனமுற்ற குழந்தைகளை மருத்துவமனைகளிலும் காப்பகங்களிலும் வைத்து அரசாங்கமே கொன்றது. யூதர்களுக்கான விஷவாயு முகாம்கள் வருவதற்கு முன்பே அந்தக் கொலைகள் தொடங்கிவிட்டன. பெற்ற பிள்ளையை அரசாங்கத்தின் கையில் ஒப்படைப்பது என்றால் என்ன என்பதை இந்த இருவருக்கும் யாரும் விளக்க வேண்டியிருக்கவில்லை. தன் பெற்றோரின் பிடிவாதத்துக்கு வேர் அங்கேதான் இருக்கிறது என்று ஜூடி பிற்காலத்தில் பலமுறை சொல்லியிருக்கிறார்.

ஐந்து வயதானதும் இல்ஸே மகளுக்கு நல்ல உடை உடுத்தி, சக்கர நாற்காலியில் உட்காரவைத்து, பக்கத்துப் பள்ளிக்கூடத்துக்குத் தள்ளிக்கொண்டு போனார். வாசலில் படிகள். நாற்காலியைப் பின்புறமாகத் திருப்பி, ஒவ்வொரு படியாக இழுத்து மேலே ஏற்றினார். தலைமையாசிரியர் சேர்க்க முடியாது என்றார். தீப்பிடித்தால் இந்தக் குழந்தை மற்றவர்களுக்கு இடைஞ்சலாக இருக்கும், ஆகவே இவள் ஒரு தீ அபாயம். ஐந்து வயதுக் குழந்தையைப் பற்றி ஒரு கல்வி அலுவலர் சொன்ன காரணம் இது. மாற்றாக ஒரு ஆசிரியை வீட்டுக்கு அனுப்பப்பட்டார். வாரத்துக்கு மொத்தம் இரண்டரை மணி நேரப் படிப்பு. அப்படியே நான்கு ஆண்டுகள் போயின. இல்ஸே விடாமல் நச்சரித்ததில், ஒன்பதாவது வயதில் ஜூடிக்கு ஒரு பள்ளியில் இடம் கிடைத்தது. அங்கேயும் மற்றப் பிள்ளைகள் மேலே, ஊனமுற்ற பிள்ளைகள் கீழே தனி வகுப்பில். 21 வயது வரை அந்த ஒரே அறையில் உட்கார்ந்திருந்தவர்களும் உண்டு.

அந்த நாட்களில் நடந்த ஒன்றை ஜூடி கடைசிவரை மறக்கவில்லை. ஒரு தோழியோடு மிட்டாய்க் கடைக்குப் போய்க்கொண்டிருந்தார். எதிரே வந்த சிறுவன் நின்று பார்த்துவிட்டுக் கேட்டான்: "நீ சீக்காளியா?" ஜூடிக்குக் காய்ச்சல் இல்லை, வலி இல்லை, வெயிலில் சந்தோஷமாகப் போய்க்கொண்டிருந்த ஒரு சிறுமி. தெருவில் போகிற எல்லாரும் தன்னை நோயாளியாகத்தான் பார்க்கிறார்கள் என்று அன்றைக்குத்தான் தெரிந்தது. இந்தப் பார்வையை எதிர்த்துத்தான் அடுத்த 65 ஆண்டுகள் அவர் வேலை செய்தார். உடம்பைக் குணப்படுத்துங்கள் என்று அவர் யாரிடமும் கேட்கவில்லை. படியை மாற்று என்றுதான் கேட்டார்.

கோடை விடுமுறைகளில் வேறொரு உலகம் இருந்தது. நியூயார்க் மாநிலத்தின் கேட்ஸ்கில் மலைப்பகுதியில் கேம்ப் ஜெனெட் என்று ஒரு முகாம். ஊனமுற்ற சிறுவர் சிறுமியருக்கானது. பாட்டு, ஆட்டம், காதல், சண்டை எல்லாம் உண்டு. கழிப்பறைக்குப் போக உதவி கேட்பதற்கு யாரும் கூச்சப்பட வேண்டாத இடம். இரவுகளில் பிள்ளைகள் வட்டமாக உட்கார்ந்து வீட்டைப் பற்றியும் அம்மா அப்பாவைப் பற்றியும் மனம்விட்டுப் பேசினார்கள். தன் ஒருத்தியின் கஷ்டம் என்று நினைத்திருந்தது ஒரு கூட்டத்தின் கஷ்டம் என்று அங்கே புரிந்தது. 1977இல் சான் ஃபிரான்சிஸ்கோவில் நடந்த உள்ளிருப்புப் போராட்டத்தில் ஜூடியின் பக்கத்தில் படுத்துக் கிடந்தவர்களில் சிலர் அந்த முகாமில் கூட விளையாடியவர்கள். 2020இல் வெளிவந்த 'கிரிப் கேம்ப்' ஆவணப்படம் அந்த முகாமின் பழைய வீடியோப் பதிவுகளிலிருந்து உருவானது. பார்க்க முடிந்தவர்கள் தவறவிடாதீர்கள்.

ஜூடி ஆசிரியையாக விரும்பினார். வெளியே சொல்லவில்லை. கல்லூரிச் செலவை ஏற்ற அரசு மறுவாழ்வுத் துறையினரிடம் பேச்சுப் பயிற்சியாளராகப் போகிறேன் என்றுதான் சொல்லிவைத்தார். சக்கர நாற்காலியில் இருப்பவர் ஆசிரியை வேலைக்குப் படிக்கிறார் என்றால் பணம் வராது என்று அனுபவப்பட்டவர்கள் எச்சரித்திருந்தார்கள். லாங் ஐலண்ட் பல்கலைக்கழகத்தில் 1969இல் பட்டம் பெற்றார். விடுதி வாசலிலும் வகுப்பறை வாசலிலும் படிகள் இருந்தன. தெரியாதவர்களிடம் 'கொஞ்சம் இழுத்து ஏற்றுங்கள்' என்று கேட்டுக் கேட்டே படித்து முடித்தார்.

நியூயார்க் நகரக் கல்வி வாரியம் ஆசிரியர் உரிமத்துக்கு மூன்று தேர்வுகள் வைத்திருந்தது. எழுத்துத் தேர்வு, வாய்மொழித் தேர்வு, மருத்துவப் பரிசோதனை. முதல் இரண்டிலும் தேறினார். மூன்றாவதில், பரிசோதித்த மருத்துவர் அவர் எப்படிக் கழிப்பறைக்குப் போகிறார் என்று கேட்டார். நடந்து காட்டச் சொன்னார். பிள்ளைகளுக்குக் கழிப்பறை போகச் சொல்லித் தருவது ஆசிரியர் வேலையில் உண்டென்றால் அதை நன்றாகவே செய்வேன் என்று ஜூடி பதில் சொன்னார். உரிமம் மறுக்கப்பட்டது. காரணம்: போலியோவினால் இரு கால்களும் செயலிழந்தவர்.

1970இல் வாரியத்தின் மீது வழக்குப் போட்டார். போலியோ வந்தவர் அமெரிக்க அதிபராகலாம், ஆனால் ஆசிரியராக முடியாது என்ற பொருளில் ஒரு நாளிதழ் தலைப்புச் செய்தி போட்டது. ரூஸ்வெல்ட் சக்கர நாற்காலியில் இருந்தபடி நான்கு முறை தேர்தலில் வென்ற நாடு அல்லவா! வழக்கு கான்ஸ்டன்ஸ் பேக்கர் மோட்லி என்ற நீதிபதியிடம் வந்தது. கூட்டாட்சி நீதிமன்றத்தில் நீதிபதியான முதல் கறுப்பினப் பெண். பள்ளிகளில் நிறவெறிப் பிரிவினையை ஒழித்த பிரவுன் வழக்கில் வழக்கறிஞர் குழுவில் இருந்தவர். நீங்களே மறுபரிசீலனை செய்துவிடுவது நல்லது என்று அவர் வாரியத்துக்குக் குறிப்பாகச் சொன்னதும் வாரியம் இறங்கி வந்தது. இன்னொரு பரிசோதனை நடந்தது, உரிமமும் கிடைத்தது. ஆனால் வேலை கொடுக்க எந்தத் தலைமையாசிரியரும் முன்வரவில்லை. கடைசியில், சிறுவயதில் தனி வகுப்பில் உட்காரவைக்கப்பட்ட அதே பள்ளியில்தான் இடம் கிடைத்தது. நியூயார்க் நகரப் பள்ளிகளில் சக்கர நாற்காலியில் வந்து பாடம் நடத்திய முதல் ஆசிரியை அவர்.

வழக்குச் செய்தியைப் படித்துவிட்டு நாடெங்கிலுமிருந்து ஊனமுற்றவர்கள் கடிதம் எழுதினார்கள். எனக்கும் இப்படி நடந்தது, எனக்கும் இப்படி நடந்தது என்று. 1970இலேயே அவர்களில் பலரைச் சேர்த்து 'டிஸேபிள்ட் இன் ஆக்‌ஷன்' என்ற அமைப்பைத் தொடங்கினார். மேடிசன் அவென்யூவை மறித்தது அந்த அமைப்புதான்.

இனி 504.

நிக்சன் இரண்டு முறை நிராகரித்த மறுவாழ்வுச் சட்டம், மூன்றாம் முறையாக 1973 செப்டம்பர் 26 அன்று அவர் கையெழுத்தோடு வெளிவந்தது. பெரும்பாலும் தொழிற்பயிற்சி, நிதி ஒதுக்கீடு பற்றிய சட்டம். அதன் கடைசிப் பகுதியில் ஒரே ஒரு வாக்கியம். அதுதான் 504ஆம் பிரிவு. மத்திய அரசின் பணம் பெறும் எந்தத் திட்டத்திலும் தகுதியுள்ள ஒருவரை ஊனம் என்ற ஒரே காரணத்துக்காக ஒதுக்கக் கூடாது, பலன் மறுக்கக் கூடாது, பாகுபாடு காட்டக் கூடாது. நிறப்பாகுபாட்டைத் தடுத்த 1964 சட்டத்தின் ஆறாம் தலைப்பிலிருந்து நாடாளுமன்ற அலுவலர்கள் எடுத்து ஒட்டிய வாக்கியம் இது. அவையில் இதைப் பற்றி விவாதமே நடக்கவில்லை. வாக்களித்த உறுப்பினர்களில் எத்தனை பேர் அதைக் கவனித்திருப்பார்கள் என்பதே சந்தேகம்.

ஆனால் அரசுப் பணம் வாங்காத நிறுவனம் எது? பள்ளி, பல்கலைக்கழகம், மருத்துவமனை, நூலகம், நகரப் பேருந்து எல்லாமே அந்த ஒரு வாக்கியத்துக்குள் வந்துவிட்டன. அதை உணர்ந்த பிறகுதான் எதிர்ப்புக் கிளம்பியது. மருத்துவமனைகளும் பல்கலைக்கழகங்களும் செலவுக் கணக்கைத் தூக்கிக்கொண்டு வாஷிங்டனுக்கு ஓடின.

எந்தச் சட்டமும் நடைமுறைக்கு வர விதிகள் வேண்டும். யாரை ஊனமுற்றவர் என்று கொள்வது, பழைய கட்டடத்தை எத்தனை நாளில் மாற்றுவது, புதிய கட்டடத்தில் என்ன இருக்க வேண்டும், மீறினால் யாரிடம் முறையிடுவது என்று விதிகள்தான் சொல்லும். சுகாதாரம், கல்வி, மக்கள் நலத் துறை முதலில் விதி வெளியிட வேண்டும். மற்றத் துறைகள் அதைப் பார்த்து எழுதும். அந்தத் துறையின் வழக்கறிஞர்கள் நல்ல வரைவையே தயாரித்தார்கள். செயலாளர் (நம் ஊர் வழக்கில் அமைச்சர்) கையெழுத்துப் போட வேண்டியதுதான் பாக்கி. 1974 போனது, 1975 போனது. 1976 ஜூலையில், ஜேம்ஸ் செர்ரி என்பவர் தொடுத்த வழக்கில், விதிகளை வெளியிட்டே ஆக வேண்டும் என்று நீதிமன்றம் சொன்னது. அப்போதைய செயலாளர் டேவிட் மேத்யூஸ் 1977 ஜனவரியில் பதவியிலிருந்து இறங்கும்வரை கையெழுத்துப் போடவில்லை.

ஒரு சட்டத்தைக் கொல்ல அதை ரத்து செய்ய வேண்டியதில்லை. விதி எழுதாமல் விட்டாலே போதும். எழுதிய விதியில் 'கட்டாயம்' இருந்த இடத்தில் 'இயன்றவரை' என்று போட்டாலும் போதும். இந்த வித்தை எல்லா நாட்டு அரசு அலுவலகங்களுக்கும் தெரியும்.

புதிய அதிபர் ஜிம்மி கார்ட்டர் தேர்தலில் 504ஐ நிறைவேற்றுவதாக வாக்களித்தவர். அவர் நியமித்த செயலாளர் ஜோசப் கலிஃபானோவும் பிற்போக்குவாதி இல்லை. முன்னாள் அதிபர் லிண்டன் ஜான்சனின் மக்கள் நலத் திட்டங்களில் பெரும் பங்கு வகித்தவர். அவரும் விதிகளை மீண்டும் படித்துப் பார்க்க வேண்டும் என்றார். அதற்கு ஒரு குழு போட்டார். அந்தக் குழுவில் ஊனமுற்றவர் ஒருவர்கூட இல்லை. வரைவு நீர்த்துப்போகிறது என்று செய்தி கசிந்தது. ஃபிராங்க் போ என்ற செவித்திறனற்ற அறிஞர் தலைமையில் இயங்கிய தேசியக் கூட்டமைப்பு ஏப்ரல் 4 வரை கெடு விதித்தது. கெடு கடந்தது. 1977 ஏப்ரல் 5 அன்று வாஷிங்டனிலும், நாடெங்கும் உள்ள பிராந்திய அலுவலகங்களிலும் மாற்றுத்திறனாளிகள் நுழைந்தார்கள்.

ஜூடி அப்போது கலிஃபோர்னியாவில் இருந்தார். எட் ராபர்ட்ஸின் அழைப்பில் பெர்க்கிலிக்கு வந்து, பொதுச் சுகாதாரத்தில் முதுகலை முடித்து, சுயசார்பு வாழ்வு மையத்தில் பணியாற்றிக்கொண்டிருந்தார். சான் ஃபிரான்சிஸ்கோவின் ஐக்கிய நாடுகள் சதுக்கம், துறையின் பிராந்திய அலுவலகம் இருந்த 50ஆம் எண் கட்டடம். வெளியே பொதுக்கூட்டம் முடிந்ததும் கூட்டம் உள்ளே புகுந்து நான்காம் மாடிக்கு ஏறியது. பிராந்திய இயக்குநரிடம் 504 விதிகள் என்ன ஆயின என்று கேட்டார் ஜூடி. 504 என்றால் என்ன என்றே அந்த அதிகாரிக்குத் தெரியவில்லை. ஜூடி திரும்பிப் பார்த்து, பதில் வரும்வரை இங்கேயே இருக்கப்போகிறோம் என்று அறிவித்தார்.

மற்ற நகரங்களில் போராட்டம் விரைவிலேயே முடிந்துவிட்டது. வாஷிங்டனில் உள்ளே இருந்தவர்களுக்கு உணவு அனுமதிக்கப்படவில்லை. மருந்தும் இல்லாமல் ஏறக்குறைய 28 மணி நேரத்தில் வெளியே வந்தார்கள். சான் ஃபிரான்சிஸ்கோ மட்டும் நின்றது. சுமார் 150 பேர். ஏன் அங்கே மட்டும்?

என் பதில் கிட்டி கோன் என்ற பெண். தசைச் சிதைவு நோய் உள்ளவர், அரசியல் இயக்கங்களில் பழுத்த அனுபவசாலி. போராட்டத்துக்குச் சில வாரங்கள் முன்பிருந்தே தேவாலயங்கள், தொழிற்சங்கங்கள், கறுப்பின அமைப்புகள், பெண்கள் அமைப்புகள் என்று எல்லா வாசலையும் தட்டி ஆதரவு திரட்டி வைத்திருந்தார். உணவுக்கு ஒரு குழு, மருந்துக்கு ஒரு குழு, பத்திரிகைக்கு ஒரு குழு. ஜூடியின் குரல் நாடு முழுவதும் கேட்டது என்றால், அந்தக் குரல் 24 நாள் ஓயாமல் ஒலிக்க வழி செய்தவர் கிட்டி கோன். வரலாறு தலைவர் பெயரை மட்டும் வைத்துக்கொண்டு ஏற்பாட்டாளரை விட்டுவிடுகிறது. இந்தத் தொடரில் அப்படி விட மனமில்லை.

அந்த 150 பேர் யார் என்று நினைத்துப் பாருங்கள். இரவில் சில மணிக்கு ஒரு முறை யாராவது புரட்டிப் படுக்க வைக்காவிட்டால் படுக்கைப் புண் வந்துவிடும் சிலருக்கு. சிறுநீர்க் குழாயைத் தினமும் மாற்ற வேண்டும் சிலருக்கு. மூச்சுக்கருவி இல்லாமல் தூங்க முடியாதவர்களும் இருந்தார்கள். மாற்றுடைகூட எடுத்துவராமல், அன்றைக்கே வீடு திரும்பிவிடலாம் என்று வந்தவர்கள்தான் அநேகர். குளிரில் வைக்க வேண்டிய மருந்துகள் இருந்தன, குளிர்பதனப் பெட்டி இல்லை. ஒரு ஏர்கண்டிஷனர்மேல் ஒரு பெட்டியை டேப் போட்டு ஒட்டி, அதற்குள் மருந்துகளை வைத்தார்கள். கண் தெரியாதவர் சக்கர நாற்காலியைத் தள்ளினார். நாற்காலியில் இருந்தவர் வழி சொன்னார். கையசைக்க முடியாதவருக்கு ஊட்டிவிட்டார்கள். அதற்கு முன்புவரை பார்வையற்றோர் சங்கம் தனி, செவித்திறனற்றோர் சங்கம் தனி, போலியோ பாதித்தோர் தனி என்று பிரிந்துகிடந்தவர்கள். அந்த நான்காம் மாடியில்தான் ஒரே கூட்டமானார்கள்.

வெந்நீர் இல்லை. தொலைபேசி இணைப்புகளைத் துண்டித்தார்கள். அரசாங்கம் ஒன்றை மறந்துவிட்டது. செவித்திறனற்றவர்கள் ஜன்னலருகே போய் நின்று, கீழே சதுக்கத்தில் நின்ற நண்பர்களுக்குச் சைகை மொழியில் செய்தி சொன்னார்கள். என்ன வேண்டும், யாருக்கு உடம்பு சரியில்லை, இன்று என்ன முடிவெடுத்தோம் என்று எல்லாம் போயிற்று. கம்பி இல்லாத இந்தத் தொலைபேசியைத் துண்டிக்க யாராலும் முடியவில்லை.

சாப்பாட்டுக் கதை இன்னும் விசேஷமானது. பிராட் லோமாக்ஸ் என்ற இளைஞர் போராட்டத்தில் இருந்தார். மல்டிபிள் ஸ்கிளிரோசிஸ் என்ற நரம்பு நோயால் சக்கர நாற்காலிக்கு வந்தவர், பிளாக் பேந்தர் என்ற கறுப்பினப் போராட்டக் கட்சியின் உறுப்பினர். உதவியாளர் சக் ஜாக்சனும் அதே கட்சி. அந்த இருவருக்காக மட்டும் சாப்பாடு அனுப்பிவிட்டுப் போயிருக்கலாம் கட்சி. அனுப்பவில்லை. விரிகுடாவுக்கு அக்கரையில் ஓக்லாந்திலிருந்து அத்தனை பேருக்கும் சூடான உணவைத் தினமும் கொண்டுவந்து இறக்கினார்கள். போலீஸ் வேட்டையில் தோழர்களை இழந்து, வழக்குகளில் சிக்கித் தவித்துக்கொண்டிருந்த கட்சி அது. மேயர் ஜார்ஜ் மாஸ்கோன் மெத்தைகளும் குளிப்பதற்கான குழாய்களும் அனுப்பினார். மத்திய அரசின் கட்டடத்தை ஆக்கிரமித்தவர்களுக்கு நகர மேயர் மெத்தை அனுப்புகிறார்! இந்த ஆதரவு இல்லாவிட்டால் அவர்களும் வாஷிங்டன்காரர்களைப் போல இரண்டாம் நாளே வெளியே வந்திருப்பார்கள்.

ஏப்ரல் 15 அன்று, கலிஃபோர்னியாவைச் சேர்ந்த நாடாளுமன்ற உறுப்பினர்கள் ஃபிலிப் பர்ட்டனும் ஜார்ஜ் மில்லரும் அந்தக் கட்டடத்துக்குள்ளேயே விசாரணை நடத்தினார்கள். கலிஃபானோ அனுப்பிய ஜீன் ஐடன்பெர்க் என்ற அதிகாரி, விதிகளில் 22 மாற்றங்கள் பரிசீலனையில் இருப்பதாகச் சொன்னார். ஊனமுற்ற பிள்ளைகளுக்குத் தனிப் பள்ளி, ஆனால் சமமானது என்ற பேச்சும் அடிபட்டது. 'தனி, ஆனால் சமம்' என்பது நிறவெறிச் சட்டங்களின் வாசகம். அது 1954இலேயே உச்ச நீதிமன்றத்தில் தூக்கியெறியப்பட்டது. கூடத்தில் கொந்தளிப்பு. அதிகாரி எழுந்து ஒரு அறைக்குள் போய்க் கதவைத் தாழிட்டுக்கொள்ள, பர்ட்டன் துரத்திப்போய் அந்தக் கதவை உதைத்து அவரைத் திரும்ப அழைத்துவந்தார்.

ஜூடி பேசினார். அவர் குரல் உடைந்தது, அழுகையை அடக்கிக்கொண்டு தொடர்ந்தார். நீங்கள் 'தனி, ஆனால் சமம்' என்ற பேச்சை எடுக்கும்போதெல்லாம் எங்கள் கோபம் ஏறுகிறது, இனி ஒதுக்கிவைப்பதை நாங்கள் பொறுத்துக்கொள்ள மாட்டோம் என்றார். ஐடன்பெர்க் அனுதாபத்தோடு தலையாட்டிக்கொண்டிருந்தார். நாங்கள் பேசுவது உங்களுக்குப் புரிகிறது என்று எனக்குத் தோன்றவில்லை, ஆகவே தயவுசெய்து ஆமோதித்துத் தலையாட்டுவதை நிறுத்துங்கள் என்று முகத்துக்கு நேரே சொல்லி முடித்தார் ஜூடி. அந்தப் படக்காட்சி இன்றும் கிடைக்கிறது. புரூக்ளின் பள்ளியின் தலைமையாசிரியரிலிருந்து கல்வி வாரியத்தின் மருத்துவர்வரை, தலையாட்டி அனுப்பிவைத்த அத்தனை பேருக்குமான பதிலாகவே எனக்கு அது கேட்கிறது.

இத்தனைக்கும் வாஷிங்டன் அசையவில்லை. ஒரு தூதுக்குழு தலைநகருக்கு விமானம் ஏறியது. இயந்திரத் தொழிலாளர் சங்கம் செலவை ஏற்று உதவியது. அன்றைய வாஷிங்டனில் சக்கர நாற்காலிகளை ஏற்றிச்செல்ல வண்டி கிடையாது. வீடு மாற்றுகிறவர்கள் சாமான் ஏற்றும் லாரி ஒன்றைச் சங்கம் வாடகைக்குப் பிடித்தது. ஜன்னல் இல்லை. பின்கதவை மூடினால் கும்மிருட்டு. வளைவுகளில் நாற்காலிகள் ஒன்றோடொன்று இடித்துக்கொள்ளும். ஒரு நாட்டின் குடிமக்கள் தங்கள் அமைச்சரைப் பார்க்கச் சாமான் லாரியில் போனார்கள். கலிஃபானோவின் வீட்டு வாசலில் மெழுகுவத்தி ஏந்தி இரவெல்லாம் நின்றார்கள். கார்ட்டர் ஞாயிறு வழிபாட்டுக்குப் போகும் தேவாலயத்தின் வாசலிலும் நின்றார்கள். துறை அலுவலகத்தில் காவலர்கள் கதவைச் சாத்தினார்கள். சக்கர நாற்காலியால் கதவை முட்டிப் பார்த்தார்கள். சான் ஃபிரான்சிஸ்கோவின் தொலைக்காட்சி நிருபர் இவான் ஒயிட் கூடவே வந்து படம் பிடித்தார். தேசிய ஊடகங்கள் அதுவரை இதைப் பெரிதாகக் கண்டுகொள்ளவில்லை. அவர் அனுப்பிய காட்சிகள்தான் நாடு முழுவதும் போய்ச் சேர்ந்தன.

1977 ஏப்ரல் 28 அன்று கலிஃபானோ கையெழுத்திட்டார். 22 மாற்றங்களும் கைவிடப்பட்டன. ஊனமுற்ற குழந்தைகளின் கல்வி உரிமைக்கான 1975 சட்டத்தின் விதிகளிலும் அதே நாளில் கையெழுத்தானது. அந்தச் சட்டம் உருவானபோது செனட்டர் ஹாரிசன் வில்லியம்ஸின் அலுவலகத்தில் வேலை பார்த்தவர்களில் ஜூடியும் ஒருவர். ஐந்து வயதில் பள்ளி வாசலில் திருப்பியனுப்பப்பட்டவருக்கு எது அதிகத் திருப்தி தந்திருக்கும் என்று சொல்லத் தேவையில்லை.

செய்தி வந்ததும் நான்காம் மாடியில் இருந்தவர்கள் உடனே கிளம்பிவிடவில்லை. விதிகளை வாசித்து உறுதிப்படுத்திக்கொண்டு, கட்டடத்தைக் கூட்டிச் சுத்தம் செய்துவிட்டு, ஏப்ரல் 30 அன்று பாடிக்கொண்டே வெளியே வந்தார்கள். ஒரு மத்திய அரசுக் கட்டடத்தில் அமெரிக்கர்கள் வன்முறை இல்லாமல் நடத்திய மிக நீண்ட உள்ளிருப்புப் போராட்டமாக இது சொல்லப்படுகிறது.

ஜூடியின் பிற்பாதி வாழ்க்கையைச் சுருக்கமாகவே சொல்லிவிடலாம். அது பதவிகளின் பட்டியல். 1983இல் எட் ராபர்ட்ஸ், ஜோன் லியான் ஆகியோரோடு சேர்ந்து ஊனம் குறித்த உலக நிறுவனத்தைத் தொடங்கினார். கிளின்டன் ஆட்சியில் 1993 முதல் 2001 வரை கல்வித் துறையின் உதவிச் செயலாளர். பிறகு உலக வங்கியில் ஆலோசகர். 2010 முதல் 2017 வரை ஒபாமா அரசின் வெளியுறவுத் துறையில் சர்வதேச ஊனமுற்றோர் உரிமைகளுக்கான சிறப்பு ஆலோசகர். ஒரு காலத்தில் அரசு அலுவலகத்தை ஆக்கிரமித்தவர், பின்னாளில் அரசு அலுவலகத்திலேயே நாற்காலி பிடித்துக்கொண்டாரே என்று கேட்பவர்கள் உண்டு. விதி எங்கே எழுதப்படுகிறதோ அங்கே நம் ஆள் இருக்க வேண்டும் என்பது 1977இல் அவர் கற்ற பாடம். கலிஃபானோவின் குழுவில் ஊனமுற்றவர் ஒருவர் இருந்திருந்தால் அந்த 24 நாட்களுக்கே தேவை இருந்திருக்காது.

ஒரு பெரிய தோல்வியும் உண்டு. ஐ.நா.வின் ஊனமுற்றோர் உரிமை உடன்படிக்கையில் அமெரிக்கா 2009இல் கையொப்பமிட்டது. அதை ஏற்புறுதி செய்யச் செனட்டில் மூன்றில் இரண்டு பங்கு வேண்டும். 2012 டிசம்பர் 4 அன்று நடந்த வாக்கெடுப்பில் ஆதரவு 61, எதிர்ப்பு 38. ஐந்து வாக்கு குறைந்துபோனது. 89 வயது முன்னாள் செனட்டர் பாப் டோல், போரில் கை ஊனமுற்றவர், சக்கர நாற்காலியில் அவைக்கு வந்து ஆதரவு கேட்டும் அவருடைய சொந்தக் கட்சிக்காரர்களே எதிர்த்து வாக்களித்தார்கள். 2023 மார்ச் 4 அன்று, 75ஆம் வயதில், ஜூடி வாஷிங்டனில் காலமானார். அந்த ஏற்புறுதியை அவர் பார்க்கவில்லை.

இந்தியா அதே உடன்படிக்கையை 2007 அக்டோபர் 1 அன்றே ஏற்றுக்கொண்டது. அதன் அடிப்படையில்தான் 2016இன் மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டம் வந்தது. 2017இல் விதிகள் வந்தன. அந்த விதிகளின் 15ஆம் விதி, பொதுக் கட்டடங்களை எல்லாரும் பயன்படுத்தும்படி அமைப்பதை வெறும் பரிந்துரையாக்கி விட்டிருக்கிறது, அது சட்டத்துக்கே முரண் என்று 2024 நவம்பர் 8 அன்று உச்ச நீதிமன்றம் ராஜீவ் ரதூரி வழக்கில் தீர்ப்பளித்தது. மூன்று மாதத்துக்குள் கட்டாய விதிகளை வகுக்க வேண்டும் என்றும் சொன்னது. கலிஃபானோவின் மேஜையில் நடக்கவிருந்ததுதான் நம் நாட்டில் நடந்தே முடிந்திருந்தது.

2016 சட்டத்தின் 45ஆம் பிரிவு, இருக்கிற பொதுக் கட்டடங்களை எல்லாம் விதிகள் வந்த நாளிலிருந்து ஐந்து ஆண்டுக்குள் மாற்றியமைக்கச் சொல்கிறது. அந்தக் கெடு 2022 ஜூனில் முடிந்துவிட்டது. உங்கள் ஊர் தாலுகா அலுவலகத்திலோ பள்ளியிலோ நூலகத்திலோ இன்னும் படிகள் மட்டும்தான் என்றால், தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் ஒரு மனுப் போடுங்கள். 45ஆம் பிரிவின்படி இந்தக் கட்டடத்தில் என்ன செய்திருக்கிறீர்கள், சாய்தளம் எந்தத் தேதிக்குள் வரும் என்று கேளுங்கள். பதில் வந்தால் எங்களுக்கும் ஒரு நகல் அனுப்புங்கள்.

அடுத்த இதழில்: 1990 மார்ச் 12, நாடாளுமன்றப் படிகளில் தவழ்ந்து ஏறியவர்கள்.

(தொடரும்)